நங்கூரம் பாய்ச்சிய இடத்திலேயே மூழ்கிய கப்பல்

கேள்விகள் உங்களுடையவை, பதில்கள் பழைய மாலுமியுடையவை

சென்ற இதழில் ஒரு வாசகர், "கப்பலுக்கு மிக ஆபத்தான இடம் எது?" என்று கேட்டிருந்தார். "நங்கூரம் பாய்ச்சி நிற்கும் இடம். அங்கேதான் எல்லோரும் அசட்டையாக இருப்பார்கள். 1782-ல் ராயல் ஜார்ஜ் என்ற ஆங்கிலப் போர்க்கப்பல் அப்படித்தான் போயிற்று" என்று மூன்று வரியில் எழுதி அனுப்பிவிட்டு நான் மறந்துவிட்டேன். நீங்கள் மறக்கவில்லை. வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ராயல் ஜார்ஜைப் பற்றித்தான் கேட்கின்றன. ஆகவே இந்த முறை பக்கம் முழுவதும் அந்த ஒரு கப்பலுக்கே.

புயல் இல்லை, போர் இல்லை, பாறை இல்லை என்கிறீர்கள். பிறகு எப்படி ஐயா ஒரு போர்க்கப்பல் மூழ்கும்?
(ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர்)

ஒரு குழாயால், ஆசிரியரே.

தளம் கழுவக் கடல்நீரை உள்ளே எடுப்பதற்கு அந்தக் கப்பலின் வலப்புறத்தில், நீர்மட்டத்துக்கு மூன்றடி கீழே ஒரு குழாய்வாய் இருந்தது. அது பழுதாகிவிட்டது. இடம், இங்கிலாந்தின் தென்கரையில் போர்ட்ஸ்மவுத்துக்கு வெளியே உள்ள ஸ்பிட்ஹெட் என்ற நங்கூரத் துறை. நாள், 1782 ஆகஸ்ட் 29. ஸ்பானியரும் பிரெஞ்சுக்காரரும் முற்றுகையிட்டிருந்த ஜிப்ரால்டருக்கு உணவும் வெடிமருந்தும் கொண்டுசெல்ல ஹவ் பிரபுவின் தலைமையில் பெரிய கப்பற்படை அங்கே திரண்டிருந்தது. உலர்துறைக்குள் கொண்டுபோய்ப் பழுதுபார்க்க அவகாசம் இல்லை. நிற்கும் இடத்திலேயே கப்பலைக் கொஞ்சம் சாய்த்து, குழாய்வாய் நீருக்கு மேலே வந்ததும் மாற்றிவிடலாம் என்று முடிவு செய்தார்கள்.

சாய்ப்பது எப்படி என்று கேட்பீர்கள். பீரங்கிகளாலேயேதான். இடப்பக்கப் பீரங்கிகளைச் சாளரங்களுக்கு வெளியே தள்ளுவது, வலப்பக்கப் பீரங்கிகளைத் தளத்தின் நடுப்பகுதிக்கு இழுத்துவிடுவது. இரும்பும் வெண்கலமுமாக அவ்வளவு எடை ஒரு பக்கம் போனால் கப்பல் தானாகவே தலை சாய்க்கும். இதை ஆங்கிலேய மாலுமிகள் 'நாடாளுமன்றச் சாய்வு' என்று அழைத்தார்கள். அன்று இது வாடிக்கையான வேலை. யாரும் இதற்காகப் பதறமாட்டார்கள்.

பதறவில்லை என்பதுதான் பிரச்சினை. குழாய் வேலை நடந்துகொண்டிருக்கும்போதே, லார்க் என்ற 50 டன் சிறு கப்பல் ரம் பீப்பாய்களோடு வந்தது. எந்தப் பக்கம் கட்டினார்கள் தெரியுமா? இடப்பக்கம். ஏற்கெனவே தாழ்ந்திருந்த பக்கம். பீப்பாய்களைத் தூக்கும் ஆட்கள், தூக்கிய பீப்பாய்கள், வேடிக்கை பார்ப்பவர்கள் என எல்லா எடையும் அந்தப் பக்கமே சேர்ந்தது. கீழ்த்தளத்துப் பீரங்கிச் சாளரங்களின் விளிம்பு தண்ணீரைத் தொட்டும் தொடாமலும் நின்றது. சிற்றலை ஒவ்வொன்றும் உள்ளே எட்டிப் பார்த்தது.

அந்த நேரத்தில் கப்பலில் இருந்த ஜேம்ஸ் இங்ரம் என்ற மாலுமி வயதான காலத்தில் சொன்ன விவரம் அச்சில் இருக்கிறது. தண்ணீர் உள்ளே வரவும், சந்துபொந்துகளில் இருந்த எலிகள் வெளியே வந்து ஓடினவாம். மாலுமிகள் அவற்றைத் துரத்திப் பிடித்துச் சிரித்து விளையாடிக்கொண்டிருந்தார்களாம். எத்தனையோ கப்பல் விபத்து அறிக்கைகளைப் படித்திருக்கிறேன். அந்த எலிகளைப் போல என்னை உலுக்கியது வேறெதுவும் இல்லை.

கப்பல் தச்சர் மேலே ஓடி, தண்ணீர் உள்ளே வருகிறது, கப்பலை நிமிர்த்த உத்தரவு தாருங்கள் என்று காவலில் இருந்த லெப்டினன்டிடம் சொன்னார். ஒரு சுருக்கமான பதில் வந்தது. தச்சர் கீழே போய்ப் பார்த்துவிட்டு இரண்டாம் முறை வந்தார். "என்னைவிட நன்றாகக் கப்பல் நடத்தத் தெரியுமென்றால் நீயே தலைமை ஏற்றுக்கொள்" என்று கிடைத்ததாம். அந்த அதிகாரியின் பெயரை இங்ரம் சொல்லவில்லை. மாலுமிகள் அவருக்கு வைத்திருந்த பட்டப்பெயரை மட்டும் சொன்னார். இரவுக் காவலில் இந்தப் பாயை ஏற்று, அந்தப் பாயை இறக்கு என்று ஓயாமல் ஆட்களை விரட்டிக்கொண்டே இருப்பாராம், பட்டப்பெயரும் அந்தப் பாய்களின் பெயரே. கப்பல் நகரும்போது ஓயாமல் உத்தரவு போட்டவர், நின்றபோது ஒரே ஓர் உத்தரவு போடத் தாமதித்தார்.

கடைசியில் உத்தரவு வந்தது. கப்பலை நிமிர்த்தும் முரசை அடிக்க ஆளை அழைத்தார்கள். முரசு ஒலிக்க நேரம் கிடைக்கவில்லை.

அந்தக் கப்பலின் முழு வரலாறு என்ன? எங்கே கட்டினார்கள்? என்னென்ன போர்களில் ஈடுபட்டது?
(கல்லூரி மாணவி ஒருவர்)

தேம்ஸ் நதிக்கரையில் வுலிச் கப்பல்துறையில் 1746-ல் அடிக்கட்டை போட்டார்கள். அப்போது வைத்த பெயர் ராயல் ஆன். கட்டி முடிப்பதற்குள் பெயர் ராயல் ஜார்ஜ் ஆயிற்று. நீரில் இறங்கியது 1756 பிப்ரவரி 18 அன்று. பத்து ஆண்டுகள்! நூறு பீரங்கிகள், மூன்று பீரங்கித் தளங்கள், 2,000 டன்னுக்கு மேற்பட்ட கொள்ளளவு. அந்தக் காலத்தில் அதைவிடப் பெரிய போர்க்கப்பலைக் காண்பது அரிது. மிகக் கீழ்த்தளத்தில் 28 பீரங்கிகள், ஒவ்வொன்றும் 42 பவுண்டு எடையுள்ள குண்டைச் சுடும். ஏறத்தாழ 19 கிலோ இரும்பு. அதன் மேல் 24 பவுண்டு வரிசை, அதற்கும் மேல் 12 பவுண்டு வரிசை.

அதன் பெரிய நாள் 1759 நவம்பர் 20. பிரான்சின் மேற்குக் கரையில் கிபரான் விரிகுடா. இங்கிலாந்தின் மீது படையெடுக்கத் திட்டமிட்டிருந்த பிரெஞ்சுக் கப்பற்படை, அட்மிரல் கான்ஃப்லானின் தலைமையில், பாறைகள் நிறைந்த அந்த விரிகுடாவுக்குள் ஒதுங்கப் பார்த்தது. பின்னால் துரத்தி வந்தவர் அட்மிரல் ஹாக், அவருடைய தலைமைக் கப்பல் ராயல் ஜார்ஜ். கடும் புயல். பொழுதும் சாய்கிறது. வழி தெரியாத பாறைகள். இந்த நிலையில் எதிரியின் பின்னாலேயே உள்ளே நுழைந்தார் ஹாக். கப்பலோட்டி எச்சரித்தபோது, ஆபத்தைச் சொன்னது உன் கடமை, அதைச் செய்துவிட்டாய், இப்போது என்னை எதிரித் தலைமைக் கப்பலின் பக்கத்தில் கொண்டுபோய் நிறுத்து என்றாராம்.

ராயல் ஜார்ஜ் இரண்டு முறை பக்கவாட்டுப் பீரங்கி வரிசையை முழுவதுமாகச் சுட்டது. எதிரே இருந்த 70 பீரங்கிக் கப்பலான சூப்பர்ப், 600-க்கும் மேற்பட்ட ஆட்களோடு தண்ணீருக்குள் போனது. கான்ஃப்லானின் தலைமைக் கப்பல் மறுநாள் தரைதட்டி, பிறகு எரிந்தது. ஹாக்கும் இரண்டு கப்பல்களைப் பாறைத் திட்டில் இழந்தார். ஆனால் பிரெஞ்சுப் படையெடுப்புத் திட்டம் அன்றோடு முடிந்தது.

மாணவியே, அந்தப் போரில் தெசே என்றொரு பிரெஞ்சுக் கப்பலும் மூழ்கியது. அதை யாரும் சுட்டு மூழ்கடிக்கவில்லை. டார்பே என்ற ஆங்கிலக் கப்பலோடு போரிடும்போது, அந்தக் கொந்தளிப்பிலும் கீழ்த்தளப் பீரங்கிச் சாளரங்களைத் திறந்து வைத்திருந்தார்கள். கடல் உள்ளே நுழைந்தது. தப்பியவர்கள் இருபது சொச்சம் பேர். டார்பேக்குள்ளும் தண்ணீர் ஏறியது, அதன் கேப்டன் கீப்பல் நொடியில் சுதாரித்துக்கொண்டதால் பிழைத்தது. திறந்த சாளரம் என்ன செய்யும் என்பதை ஆங்கிலக் கடற்படை அன்றே தன் கண்ணால் பார்த்தது.

மீதியைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1763-ல் சமாதானம் வந்தது, கப்பல் பல ஆண்டுகள் வேலையில்லாமல் துறையில் கிடந்தது. அமெரிக்க விடுதலைப் போரில் பிரான்சும் சேர்ந்துகொண்டதும், 1778-ல் மீண்டும் பணிக்கு வந்தது. 1780 ஜனவரி 16 இரவு, செயின்ட் வின்சென்ட் முனை அருகே நிலவொளியில் ஸ்பானியரை ஆங்கில அட்மிரல் ரோட்னி துரத்திப் பிடித்த போரில் இதுவும் இருந்தது. அடுத்த இரண்டு ஆண்டுகளில் போர் என்று பெரிதாக ஏதும் இல்லை. பிறகு ஸ்பிட்ஹெட்.

பெயர் ஜார்ஜ். ஆனால் ஆங்கிலத்தில் கப்பலை 'அவள்' என்கிறார்கள். இது என்ன கூத்து?
(பெயர் எழுதாத வாசகர்)

நானும் முப்பத்து நான்கு ஆண்டுகள் கேட்டுப் பார்த்துவிட்டேன். பதில் சொல்பவர்கள் எல்லோரும் ஆண்கள், எல்லாப் பதில்களும் அசட்டு நகைச்சுவை. அடுத்த கேள்வி.

போருக்குப் புறப்படும் கப்பலில் பெண்களும் குழந்தைகளும் ஏன் இருந்தார்கள்?
(வங்கியிலிருந்து ஓய்வு பெற்ற வாசகி)

மாலுமிகளைக் கரைக்கு விட்டால் திரும்பி வரமாட்டார்கள் என்ற பயம்தான், அம்மா. அன்றைய ஆங்கிலக் கடற்படையில் பலர் தெருவிலும் வணிகக் கப்பலிலும் வலுக்கட்டாயமாகப் பிடித்துக்கொண்டு வரப்பட்டவர்கள். நீண்ட பயணத்துக்கு முன்பு விடுமுறை கொடுத்தால் பாதிப் பேர் காணாமல் போவார்கள். எனவே மாலுமியைக் கரைக்கு அனுப்புவதற்குப் பதில் கரையைக் கப்பலுக்கு அனுப்பினார்கள். மனைவி, பிள்ளைகள், வயதான தாய், சாமான் விற்பவர்கள், துறைமுகத்தில் தொழில் செய்த பெண்கள் என எல்லோரும் படகில் வந்து ஏறுவார்கள். அன்று காலை அப்படி வந்தவர்கள் முந்நூறுக்கும் மேல் என்று கணக்கிடுகிறார்கள். மாலுமிகளையும் சேர்த்துக் கப்பலில் ஏறத்தாழ 1,200 பேர். காப்பாற்றப்பட்டவர்கள் 255 பேர் என்பது பொதுவாகச் சொல்லப்படும் எண்ணிக்கை. அதில் பெண்கள் 11, குழந்தை ஒன்று.

அந்த ஒரே குழந்தை மிதந்துகொண்டிருந்த ஆட்டின் உரோமத்தைப் பிடித்துக்கொண்டு பிழைத்ததாக ஒரு கதை உண்டு. சமையலுக்காகக் கப்பலில் ஆடுகள் இருந்திருக்கும், ஆகவே நடந்திருக்கக் கூடியதுதான்.

மாலுமிகளின் பெயர்கள் கப்பல் பதிவேட்டில் இருக்கும். பார்க்க வந்தவர்களின் பெயர்களை யாரும் எழுதி வைப்பதில்லை. இறந்தவர் எண்ணிக்கையை எவரும் 'ஏறத்தாழ' என்ற சொல் இல்லாமல் எழுத முடியாததற்கு அதுதான் காரணம். மேலே எழுந்து மிதந்த உடல்கள் பல நாட்கள் கரை ஒதுங்கிக்கொண்டே இருந்தன. எதிர்க்கரையில் உள்ள வைட் தீவில், ரைட் என்ற ஊரின் கடலோரத்தில், மணலில் குழி வெட்டிப் புதைத்தார்கள். பிற்காலத்தில் அந்த மணல்வெளியை மேடாக்கித் தெருவும் கடலோர உலாச்சாலையும் அமைத்துவிட்டார்கள். லண்டனில் லாய்ட்ஸ் காபி நிலையத்தில் வணிகர்கள் பணம் திரட்டி, 6,000 பவுண்டுக்கு மேல் விதவைகளுக்கும் பிள்ளைகளுக்கும் கொடுத்தார்கள்.

கப்பல் கவிழ்ந்தபோது உள்ளே என்ன நடந்தது? அட்மிரல் என்ன ஆனார்?
(பத்தாம் வகுப்பு மாணவர்)

தம்பி, இங்ரம் சொன்னதையே சொல்கிறேன். நிலைமை கைமீறியதும் அவர் உயரப் போய்விட்ட வலப்பக்கச் சாளரத்தின் வழியாக ஏறி வெளியே வந்து, கப்பலின் பக்கச்சுவர் மீது நின்றார். திரும்பிப் பார்த்தால், அந்த வரிசையில் எல்லாச் சாளரங்களிலும் தலைகள். வெளியே வர முயன்று நெருக்கியடித்துச் சிக்கிய தலைகள். கப்பல் சாய்ந்து படுத்துவிட்டதால் சுவரில் இருந்த சாளரம் கூரையில் இருக்கும் துளை போலாகிவிட்டது. கீழே இருப்பவனுக்கு எட்டாது. உள்ளே தண்ணீர் ஏறும் வேகத்தில் காற்று பீறிட்டு வெளியேறி, தன் தொப்பியையே பறக்கடித்தது என்கிறார்.

அட்மிரல் ரிச்சர்ட் கெம்பன்ஃபெல்ட் தன் அறையில் இருந்தார். கப்பல்களுக்கிடையே கொடிகளால் செய்தி சொல்லும் முறையைச் சீர்திருத்தியவர், படித்தவர், மாலுமிகளைச் சிறு குழுக்களாகப் பிரித்து ஒவ்வொரு குழுவையும் ஓர் அதிகாரி பெயர் சொல்லிக் கவனிக்க வேண்டும் என்று வலியுறுத்தியவர். சாய்வில் அறைக் கதவு இறுகிக்கொண்டு திறக்கவில்லை என்கிறார்கள். அவர் தப்பவில்லை. கேப்டன் மார்ட்டின் வாக்ஹார்ன் தப்பினார். தளத்தில் இருந்த பிலிப் டர்ஹம் என்ற இளம் அதிகாரியும் நீந்திப் பிழைத்தார். 23 ஆண்டுகள் கழித்து டிரஃபால்கர் போரில் டிஃபையன்ஸ் கப்பலின் கேப்டன் அவர்தான்.

அடியில் போனபின் கப்பல் நிமிர்ந்து அமர்ந்துவிட்டது. பாய்மர உச்சிகள் மட்டும் நீருக்கு மேலே நின்றன. உயிர் பிழைத்தவர்கள் பலர் அவற்றைப் பற்றிக்கொண்டிருந்தவர்களே. நிமிர்த்துங்கள் என்று தச்சர் கெஞ்சிய கப்பல் கடைசியில் கடலடியில் நிமிர்ந்தது.

யார் குற்றவாளி? யாருக்காவது தண்டனை கிடைத்ததா?
(வழக்கறிஞர் ஒருவர்)

மரத்துக்குக் கிடைத்தது.

இரண்டே வாரத்துக்குள் கடற்படை விசாரணை மன்றம் கூடியது. வாக்ஹார்னும் தப்பிய மற்றவர்களும் விடுவிக்கப்பட்டனர். கப்பல் அளவுக்கு மீறிச் சாய்க்கப்படவில்லை, மரங்கள் பொதுவாக உளுத்துப்போயிருந்ததால் சட்டகத்தின் முக்கியமான ஏதோ ஒரு பகுதி திடீரென்று விட்டுப்போயிருக்க வேண்டும் என்பது தீர்ப்பு. பிளிமவுத் துறையில் பழுதுபார்க்கத் திறந்தபோது நல்ல மரமே தென்படவில்லை என்று மூத்த அதிகாரி ஒருவர் சாட்சியும் சொன்னார்.

உளுத்த மரம் இருந்திருக்கும். 26 வயதான மரக்கப்பலில் இல்லாவிட்டால்தான் ஆச்சரியம். ஆனால் வழக்கறிஞரே, மன்றத்தில் அமர்ந்தவர்கள் யார் என்று பாருங்கள். அட்மிரல்களும் கேப்டன்களும். அவர்கள் எல்லோரும் தத்தம் கப்பலை இப்படி நூறு முறை சாய்த்திருப்பார்கள். உளுத்த மரம் என்றால் பழி கரையில் இருக்கும் கப்பல்துறைக்காரர்களுக்குப் போகும், கடலில் இருப்பவர்களுக்கு வராது. இறந்துபோனவர்களின் மீதும் பழி போட வேண்டியதில்லை. எல்லோருக்கும் வசதியான தீர்ப்பு.

சாட்சியங்களைப் பிற்காலத்தில் அலசிய வரலாற்றாசிரியர்களில் சிலர், தளத்தில் தண்ணீர் சேர விட்டதும் காவல் அதிகாரியின் கவனக்குறைவுமே காரணம் என்கிறார்கள். என் கட்சியும் அதுவே. சட்டகம் பிளந்திருந்தால் முதலில் கீழ் அறையில் தண்ணீர் ஏறியிருக்க வேண்டும். எலிகள் ஓடியது பீரங்கித் தளத்தில். இங்ரம் சொன்னதும் சாளரங்களைப் பற்றித்தான்.

சாளரம் வழியாகக் கொஞ்சம் தண்ணீர் தெறித்தால் நூறு பீரங்கிக் கப்பல் கவிழுமா? நம்ப முடியவில்லை.
(பொறியியல் மாணவர்)

ஒரு பெரிய தாம்பாளத்தில் இரண்டு டம்ளர் தண்ணீரை ஊற்றி இரு கைகளாலும் தூக்கிக்கொண்டு நடந்து பாருங்கள். தண்ணீரின் எடை அற்பம். ஆனால் தாம்பாளம் இம்மி சாய்ந்தால் போதும், தண்ணீர் மொத்தமும் அந்தப் பக்கம் ஓடும், ஓடியதால் சாய்வு கூடும், கூடியதால் இன்னும் ஓடும். அதே தண்ணீரை ஒரு செம்பில் ஊற்றித் தாம்பாளத்தில் வைத்தால் இந்தத் தொல்லை இல்லை. அகலம்தான் எதிரி. ராயல் ஜார்ஜின் அகலம் ஏறக்குறைய 52 அடி. பீரங்கித் தளத்தில் நீரைத் தடுக்கும் குறுக்குச்சுவர் எதுவும் கிடையாது. கப்பலின் ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை ஒரே தாம்பாளம்.

சாளர விளிம்பு நீர்மட்டத்தைத் தாண்டும்வரை தெறிப்புதான். தாண்டிவிட்டால் கடல் முழுவதும் அந்த வழியே வரப் பார்க்கும். இரண்டுக்கும் நடுவே இருப்பது ஓரிரு அங்குலம். ரம் பீப்பாய்கள் அந்த அங்குலத்தைத்தான் தின்றன.

சொந்தக் கதை ஒன்று. நான் மூன்றாம் அதிகாரியாக இருந்த ஒரு சரக்குக் கப்பல். நங்கூரத்தில் நிற்கிறோம், கடல் கண்ணாடி. இரவுக் காவலில் என் மேசையில் வைத்த பென்சில் உருண்டு கீழே விழுந்தது. எடுத்து வைத்தேன். மறுபடி விழுந்தது. மூன்றாம் முறை விழுந்தபோது சாய்வுமானியைப் பார்த்தேன், இரண்டு டிகிரி. மேலதிகாரியை எழுப்பினேன். "பென்சிலுக்காகவா எழுப்பினாய்?" என்று கேட்டுவிட்டுத் திரும்பிப் படுத்துக்கொண்டார். அரை மணி நேரம் என்ன செய்வதென்று தெரியாமல் நின்றேன். வெட்கத்தை விட்டு மறுபடி போய்க் கதவைத் தட்டினேன். அடித்தளத் தண்ணீர்த் தொட்டி ஒன்றின் அடைப்பிதழ் சரியாக மூடாமல், பாதி நிறைந்து நின்றது. மூடினோம், இறைத்தோம், காலையில் எதுவும் நடக்காதது போல் தேநீர் குடித்தோம். அவர் அதைப் பற்றிப் பிறகு என்னிடம் பேசவே இல்லை. இரண்டாம் முறை கதவைத் தட்டுவது எவ்வளவு கடினம் என்று எனக்குத் தெரியும். அந்தத் தச்சர் தட்டினார்.

இந்த விபத்தைப் பற்றி ஆங்கிலத்தில் ஒரு புகழ்பெற்ற கவிதை உண்டே, அதில் காற்றடித்துக் கவிழ்ந்ததாக அல்லவா வருகிறது?
(ஆங்கில இலக்கியம் படித்த வாசகி)

வில்லியம் கௌப்பர் எழுதியது. செய்தி வந்த சூட்டோடு எழுதினார். தரையிலிருந்து வீசிய காற்று கயிறுகளை அசைத்தது, கப்பல் கவிழ்ந்தது என்கிறார். அட்மிரலின் வாள் உறையில் இருந்தது, விரல்களில் எழுதுகோல் இருந்தது என்கிறார். அழகாகத்தான் இருக்கிறது. காற்று பாவம், எதிர்த்து வழக்காட வராது.

எனக்குப் பிடித்த இடம் வேறு. கப்பலின் மரங்கள் இன்னும் திடமாகவே உள்ளன, தூக்கி எடுங்கள், அது மீண்டும் மிதக்கும் என்று முடிவுக்கு அருகில் பாடுகிறார். மன்றம் உளுத்த மரம் என்கிறது, கவிஞர் திடமான மரம் என்கிறார். பின்னால் வரும் மேசையைப் பார்த்துவிட்டு, யார் சொன்னது சரி என்று நீங்களே தீர்மானியுங்கள்.

நம்மை ஆண்டவர்களின் கப்பல் மூழ்கியதற்கு நாம் ஏன் ஐயா கண்ணீர் விட வேண்டும்?
(கோபமான வாசகர்)

விட வேண்டாம். பிடித்துவரப்பட்ட மாலுமிக்கும், அவனைப் பார்க்கக் கைக்குழந்தையோடு படகேறி வந்தவளுக்கும் ஆண்ட சுகம் எவ்வளவு கிடைத்தது என்று மட்டும் யோசியுங்கள்.

கப்பலைத் தூக்கினார்களா? இப்போது ஏதாவது மிச்சம் இருக்கிறதா?
(ஐந்து பேர் தனித்தனியாகக் கேட்டது)

மறு ஆண்டே வில்லியம் ட்ரேசி என்பவர் தூக்க முயன்றார். கப்பல் சற்று அசைந்தது, அவ்வளவுதான். துறைமுகத்தார் ஒத்துழைக்கவில்லை என்று மனம் நொந்து எழுதி வைத்தார். பிறகு ஐம்பது ஆண்டுகள் அது கப்பல்கள் நங்கூரம் இடும் பாதையில் ஒரு தொல்லையாகக் கிடந்தது.

1834-ல் டீன் சகோதரர்கள் வந்தார்கள். தீப்பிடித்த இடத்தில் புகைக்குள் நுழைவதற்காக அவர்கள் உருவாக்கிய தலைக்கவசத்தையே, காற்றுக் குழாய் பொருத்தி, நீருக்குள் இறங்கும் கவசமாக மாற்றியிருந்தார்கள். பீரங்கிகளை ஒவ்வொன்றாக மேலே எடுத்தார்கள். 1836-ல் அருகில் மீன் பிடித்தவர்கள், எங்கள் வலை அடியில் எதிலோ மாட்டுகிறது, பார்த்துச் சொல்லுங்கள் என்றார்கள். ஜான் டீன் இறங்கிப் பார்த்தார். எட்டாம் ஹென்றியின் மேரி ரோஸ்! 1545-ல் அதே நீர்ப்பரப்பில் மூழ்கிய கப்பல். அது போன விதமும் இதே: ஒரு பக்கம் சாய்ந்தது, திறந்திருந்த பீரங்கிச் சாளரங்கள் வழியே கடல் நுழைந்தது. மேரி ரோஸை உலகமே பார்க்க 1982-ல் தூக்கினார்கள். ராயல் ஜார்ஜ் மூழ்கிச் சரியாக 200 ஆண்டுகள்.

ராயல் ஜார்ஜுக்கு அந்த மரியாதை கிடைக்கவில்லை. 1839-ல் கர்னல் சார்ல்ஸ் பாஸ்லி தன் ராணுவப் பொறியாளர்களோடு வந்து பீப்பாய் பீப்பாயாக வெடிமருந்து வைத்துத் தகர்த்தார். ஒரு வெடிப்பில் போர்ட்ஸ்மவுத்திலும் காஸ்போர்ட்டிலும் ஜன்னல் கண்ணாடிகள் நொறுங்கின. நீருக்குள் தனியாக இறங்கக் கூடாது, இருவர் இருவராகவே இறங்க வேண்டும் என்ற வழக்கம் இந்த வேலையில்தான் உருவானது. ஆனால் அந்த இருவரும் எப்போதும் நண்பர்களாக இருக்க வேண்டும் என்று விதி இல்லை. ஒரே மரத்துண்டை இது என் பங்கு, உன் பங்கு என்று இருவர் கடலடியில் இழுபறி செய்து, உதைத்துக்கொண்டதில் ஒருவரின் தலைக்கவசக் கண்ணாடி உடைந்து அரை உயிராக மேலே இழுக்கப்பட்டார். சம்பளம் வாங்கிக்கொண்டு கடலுக்கடியில் குடுமிப்பிடி சண்டை!

மேலே வந்த சாமான்களில் கப்பல் மருத்துவரின் பித்தளைக் கருவிகள் இருந்தன. தோல் துண்டுகள் இருந்தன. பட்டுத் துணி இருந்தது, இழை கெடாமல். கம்பளித் துணி ஒன்றும் கிடைக்கவில்லை. மாலுமிகள் உடுத்தியது கம்பளிதான்.

1843-க்குள் அடிக்கட்டைவரை எடுத்து இடத்தைச் சுத்தம் செய்துவிட்டார்கள். மரத்தை ஏலத்தில் வாங்கியவர்கள் நினைவுப்பொருள் செய்தார்கள். கப்பல் மூழ்கிய கதையைச் சொல்லும் சிறு புத்தகங்களுக்கு அந்தக் கப்பலின் மரத்தையே அட்டையாகப் போட்டு விற்றார்கள். இங்கிலாந்தின் பர்லி மாளிகையில் ஒரு பில்லியர்ட்ஸ் மேசை இருக்கிறது, ராயல் ஜார்ஜின் ஓக் மரத்தால் செய்தது. மன்றம் உளுத்தது என்று தீர்ப்பளித்த கப்பல், அதற்கு மேல் அறுபது ஆண்டுகள் உப்புநீரில் ஊறிய மரம். வலுவான பகுதியைப் பார்த்து எடுத்திருப்பார்கள் என்று நீங்கள் வாதாடலாம். நியாயம்தான். ஆனாலும் பில்லியர்ட்ஸ் மேசை என்பது எவ்வளவு எடை தாங்க வேண்டும், எவ்வளவு மட்டமாக நிற்க வேண்டும் என்று ஒரு தச்சரைக் கேட்டுப் பாருங்கள்.

வெண்கலப் பீரங்கிகள் வுலிச்சுக்குத் திரும்பின. கப்பல் பிறந்த அதே வுலிச். அங்கே ஆயுதச்சாலை வார்ப்பகத்தில் உருக்கி, லண்டன் டிரஃபால்கர் சதுக்கத்தில் நிற்கும் நெல்சன் தூணின் தலைப்பகுதியை வார்த்தார்கள். தூணின் உச்சியில், நெல்சனின் காலடிக்குக் கீழே இலை இலையாக விரியும் அந்த வெண்கல வேலைப்பாடு ராயல் ஜார்ஜின் பீரங்கிதான். ஒரு முறை கப்பல் லண்டன் பக்கம் நின்றபோது பைனாகுலரை எடுத்துக்கொண்டு போய்ப் பார்த்தேன். சுற்றி இருந்தவர்கள் எல்லோரும் கீழே உள்ள சிங்கங்களைப் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். என் கழுத்து வலித்தது. ஓர் இலையின் மடிப்பில் புறா ஒன்று உட்கார்ந்திருந்தது.

கலங்கரை விளக்கம் பற்றிய கேள்விகளுக்கு அடுத்த இதழில் பதில் எழுதுகிறேன்.